நோட்ஸ் படிக்கத் தெரியாது... ஆனால் அடுத்தடுத்து 2 ஆஸ்கர்! அர்ஜென்டினா ராக் பாடகர் சினிமாவுக்கு வந்த கதை சொல்வது என்ன?

‘தி லாஸ்ட் ஆஃப் அஸ்’ வெப் சீரிஸ் பார்த்தவர்களுக்கு அதன் டைட்டில் இசை மறந்திருக்காது. திரை முழுக்கப் பூஞ்சை படர்ந்துகொண்டே போகும். பின்னால் தந்தி வாத்தியம் ஒன்று, யாரோ தனியாக உட்கார்ந்து தனக்குத்தானே வாசித்துக்கொள்வதுபோல ஒலிக்கும். பெரிய ஆர்கெஸ்ட்ரா கிடையாது. காதைக் கிழிக்கும் டிரம்ஸ் கிடையாது. ஆனாலும் மனசுக்குள் என்னவோ செய்யும்.

அந்த இசைக்குச் சொந்தக்காரர் குஸ்தாவோ சாந்தாவோலாயா. ‘புரோக்பேக் மவுண்டன்’, ‘பேபல்’ ஆகிய படங்களின் பின்னணி இசைக்காக 2006, 2007 என அடுத்தடுத்த ஆண்டுகளில் ஆஸ்கர் வாங்கியவர். ஆமிர் கான் நடித்த ‘தோபி காட்’ படத்துக்கும் இவர்தான் இசை.

இவரைப் பற்றிப் பேசும்போதெல்லாம் இரண்டு விஷயங்கள் தவறாமல் வரும். ஒன்று, இவருக்கு நோட்ஸ் எழுதவோ படிக்கவோ தெரியாது. இன்னொன்று, இவர் படங்களில் இசையே கொஞ்சம்தான் இருக்கும். ‘நாலு தந்தியைத் தட்டினதுக்கா ரெண்டு ஆஸ்கர்?’ என்ற முணுமுணுப்பு அப்போதும் இருந்தது, இப்போதும் இருக்கிறது.

அந்தக் கேள்விக்குப் பதில் ஆஸ்கர் மேடையில் இல்லை. அதற்கு 35 ஆண்டுகளுக்கும் மேலாகப் பின்னால் போக வேண்டும். தலைமுடி வளர்த்துக்கொண்டு, கிட்டார் மாட்டிக்கொண்டு, மைக் முன்னால் நின்ற ஒரு ராக் பாடகரின் கதை அது.

யார் இந்த சாந்தாவோலாயா?

1951 ஆகஸ்ட் 19-ம் தேதி, அர்ஜென்டினாவின் பியூனஸ் அயர்ஸ் மாகாணத்தில் பிறந்தவர். ஊர் எல் பலோமார். ஐந்து வயதில் கிட்டார் கைக்கு வந்தது. வீட்டுக்கு வந்து சொல்லிக்கொடுத்த ஆசிரியை, பையனுக்குப் பத்து வயதாகும்போது கைகழுவிவிட்டார். பாடத்தைவிட இவன் காது வலுவாக இருக்கிறது, இனிமேல் நான் சொல்லித்தர எதுவும் இல்லை என்ற ரீதியில் அவர் சொல்லிவிட்டுப் போனதாக சாந்தாவோலாயா பல பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

காதால் கேட்டதை அப்படியே வாசிக்கிற பிள்ளைக்குத் தாளில் எழுதிய இசையைப் படிக்கப் பொறுமை வரவில்லை. கடைசிவரை வரவில்லை. இதைப் பெருமையாகவும் சொல்ல வேண்டாம், குறையாகவும் சொல்ல வேண்டாம். ஆனால், அவர் பின்னால் எடுத்த ஒவ்வொரு முடிவிலும் இதன் தடம் இருக்கிறது.

அந்த ‘வானவில்’ என்ன செய்தது?

1960-களின் கடைசி. பீட்டில்ஸ் அலை அர்ஜென்டினாவையும் அடித்துப் போட்டிருந்த நேரம். ஊர் இளைஞர்கள் ஆங்கிலப் பாட்டைக் காப்பியடித்துப் பாடிக்கொண்டிருந்தார்கள். ஸ்பானிஷ் மொழியில் ராக் பாடலாம் என்பதே அப்போதுதான் சூடுபிடிக்கத் தொடங்கியிருந்தது.

பதின்பருவத்திலேயே சாந்தாவோலாயா நண்பர்களோடு சேர்ந்து ஆரம்பித்த இசைக்குழுவின் பெயர் ‘ஆர்கோ ஐரிஸ்’. ஸ்பானிஷில் வானவில் என்று அர்த்தம். ஸ்பானிஷில் பாடுவதோடு அவர்கள் நிற்கவில்லை. சாம்பா போன்ற நாட்டுப்புறத் தாளங்களையும், ஆண்டீஸ் மலைப் பகுதியின் வாத்தியங்களையும் எலெக்ட்ரிக் கிட்டாரோடு சேர்த்தார்கள். 1972-ல் வெளிவந்த ‘சுதாமெரிகா’ என்ற இரட்டை ஆல்பம், தென் அமெரிக்காவையே கதைக்களமாகக் கொண்ட ராக் ஓபரா.

இன்றைக்கு ‘ஃப்யூஷன்’ என்றால் யாரும் புருவத்தை உயர்த்துவதில்லை. அன்றைக்கு அப்படி இல்லை. ‘நாட்டுப்புற இசையைக் கெடுக்கிறார்கள்’ என்று ஒரு பக்கம். ‘ராக் இசைக்குள் எதற்குக் கிராமத்துப் பாட்டு?’ என்று மறுபக்கம். நடுவில் நின்று அடி வாங்குவது என்பது இதுதான்.

அந்தக் குழுவின் வாழ்க்கையும் வித்தியாசமானது. டானா என்ற பெண்ணை ஆன்மிக வழிகாட்டியாக ஏற்று, எல்லோரும் ஒரே வீட்டில் கூட்டாக வாழ்ந்தார்கள். மாட்டிறைச்சிக்குப் பேர்போன நாட்டில் மாமிசம் கிடையாது. ராக் இசைக்காரர்கள் என்றாலே நினைவுக்கு வரும் மதுவும் போதையும் கிடையாது. கிட்டத்தட்ட மடத்து வாழ்க்கை. 1975-ல் அதிலிருந்து சாந்தாவோலாயா வெளியேறினார். ‘சோலூனா’ என்ற அடுத்த குழுவைத் தொடங்கி 1977-ல் ஓர் ஆல்பமும் போட்டார்.

இந்தக் கட்டத்தில் ஒன்றைக் குறித்துக்கொள்வது நல்லது. ராக் என்பது வெளியிலிருந்து வந்த சட்டை. அதை நம் உடம்புக்கு ஏற்ற மாதிரி எப்படித் தைப்பது? அந்த இளைஞன் கேட்ட கேள்வி இதுதான். பிறகு அவர் எந்த வேலைக்குப் போனாலும் இதே கேள்வியைத்தான் தூக்கிக்கொண்டு போனார்.

சொந்த ஊரை விட்டு ஏன் கிளம்பினார்?

1976 மார்ச் மாதம் அர்ஜென்டினாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. 1983 வரை நீடித்த அந்தக் காலத்தில் காணாமல் ஆக்கப்பட்டவர்களின் எண்ணிக்கை 30,000 என்கின்றன மனித உரிமை அமைப்புகள். நீளமான தலைமுடியும் கையில் கிட்டாரும் இருந்தாலே போலீஸ் பிடித்துக்கொண்டு போகும் வழக்கம் அதற்கு முன்பிருந்தே இருந்தது. சாந்தாவோலாயா எந்தக் கட்சியிலும் இல்லை. ஆனாலும் பலமுறை லாக்-அப்பில் இருந்திருக்கிறார்.

1978-ல் அவர் லாஸ் ஏஞ்சல்ஸுக்குக் குடிபெயர்ந்தார். சொந்த நாட்டில் ஓரளவு பேர் பெற்ற பாடகர், அங்கே போய் யாருக்கும் தெரியாத ஆள் ஆனார். அர்ஜென்டினாவின் ‘குரூசிஸ்’ குழுவில் கீபோர்டு வாசித்த அனிபால் கெர்பெலோடு சேர்ந்து ‘வெட் பிக்னிக்’ என்ற நியூ வேவ் குழுவை நடத்தினார். பெரிதாக எடுபடவில்லை. ஆனால், கெர்பெலோடு உண்டான கூட்டு மட்டும் உடையவே இல்லை. பின்னால் வந்த ஆல்பங்களிலும் படங்களிலும் அந்தப் பெயர் திரும்பத் திரும்ப வரும்.

தனிப்பாடகராக ஜெயித்தாரா?

1982-ல் தன் பெயரையே தலைப்பாக வைத்து முதல் தனி ஆல்பம் வெளியிட்டார். நியூ வேவ் வாசனை தூக்கலாக இருந்த அந்த ஆல்பம் அர்ஜென்டினாவில் கவனிக்கப்பட்டது. அடுத்த தனி ஆல்பத்துக்கு ரசிகர்கள் 1995 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அதன் பெயர் ‘காஸ்’. குஸ்தாவோ ஆல்ஃப்ரெடோ சாந்தாவோலாயா என்ற முழுப் பெயரின் முதலெழுத்துகள்.

இரண்டு ஆல்பங்களுக்கு நடுவே 13 வருடம்! ஒரு பாடகருக்கு இது கிட்டத்தட்ட ஓய்வு பெற்றதற்குச் சமம். ஆனால், இந்த இடைவெளியில்தான் அவருடைய உண்மையான பயிற்சி நடந்தது. அதுவும் அடுத்தவர் பாட்டைக் கேட்டு.

ராணுவ ஆட்சி முடிந்து ஜனநாயகம் திரும்பிய சமயத்தில், பாடகர் லியோன் கியேகோவோடு சேர்ந்து நாடு முழுக்கச் சுற்றினார். பயணத்தின் பெயரே ‘உசுவாயா முதல் லா கியாகா வரை’. நாட்டின் தென்கோடியில் உள்ள ஊர் உசுவாயா. பொலிவியா எல்லையில், வடகோடியில் இருக்கும் ஊர் லா கியாகா. இடைப்பட்ட தூரம் சுமார் 5,000 கிலோமீட்டர். ஸ்டுடியோவுக்குக் கலைஞர்களை வரவழைக்காமல், ஒலிப்பதிவுக் கருவிகளைக் கலைஞர்கள் இருக்கும் இடத்துக்கே கொண்டுபோனார்கள். ஊர் ஊராக, அந்தந்த வட்டாரத்து இசைக்காரர்களோடு உட்கார்ந்து பதிவு செய்தார்கள். 1985 முதல் அவை ஆல்பங்களாக வந்தன.

பயத்தில் வாயை மூடிக்கொண்டிருந்த நாடு அப்போதுதான் பேச ஆரம்பித்திருந்தது. எந்த ஊரில் யார் என்ன பாடுகிறார்கள் என்று போய்க் கேட்பதற்கு அந்த நேரத்தில் தனி அர்த்தம் இருந்தது. பாடகராகப் போன சாந்தாவோலாயா அங்கே பெரும்பாலும் கேட்பவராகவே இருந்தார். இசை எந்த இடத்தில் பிறக்கிறதோ அந்த இடத்தின் காற்றும் பதிவில் இருக்க வேண்டும் என்ற பாடம் அங்கே கிடைத்தது.

மைக்கிலிருந்து ஸ்டுடியோ கண்ணாடிக்குப் பின்னால்...

சினிமாவில் தயாரிப்பாளர் என்றால் பணம் போடுபவர். இசை ஆல்பத்தில் தயாரிப்பாளர் என்றால் வேறு. எந்தப் பாட்டு வேண்டும், எது வேண்டாம், கிட்டார் எங்கே நுழையணும், பாடகர் எங்கே அடங்கணும்... இதையெல்லாம் முடிவு செய்கிற ஆள். ஏறத்தாழ ஒரு படத்துக்கு இயக்குநர் மாதிரி.

இந்த வேலையில்தான் சாந்தாவோலாயா லத்தீன் அமெரிக்கா முழுக்க அறியப்பட்டார். மெக்சிகோவின் ‘மால்தீத்தா வெசிந்தாத்’, ‘கஃபே தகூபா’, ‘மோலோத்தோவ்’. அர்ஜென்டினாவின் ‘திவிதிதோஸ்’, ‘பெர்சூயித்’. சிலியின் ‘லோஸ் பிரிசியோனெரோஸ்’. தனிப்பாடகர்களில் மெக்சிகோவின் ஹூலியெத்தா வெனேகாஸ், கொலம்பியாவின் ஹுவானெஸ். உலகமெங்கும் ஒலித்த ‘லா கமீசா நெக்ரா’ பாட்டை நீங்கள் எங்காவது ஒரு கடையில், ஒரு காரில் கேட்டிருப்பீர்கள். அந்த ஹுவானெஸ் ஆல்பத்தின் தயாரிப்பிலும் இவர் இருந்தார்.

1994-ல் வந்த கஃபே தகூபாவின் ‘ரே’ ஆல்பத்தை எடுத்துக்கொள்ளுங்கள். லத்தீன் ராக்கின் மிகச் சிறந்த ஆல்பங்கள் என்று பட்டியல் போட்டால், மேலே இருக்கும் பெயர்களில் தவறாமல் இதுவும் ஒன்று. இருபது பாடல்கள், ஒன்று மாதிரி இன்னொன்று இருக்காது. மெக்சிகோவின் பல வட்டாரத் தாளங்கள் ராக்கோடும் பங்க்கோடும் மோதிக்கொள்ளும். 1960-களின் கடைசியில் ஆர்கோ ஐரிஸ் கேட்ட அதே கேள்வியை, அடுத்த தலைமுறை தன் ஊர் மொழியில் கேட்டது. இந்த முறை சாந்தாவோலாயா மைக்குக்கு முன்னால் இல்லை. கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தார்.

முதல் படி பின்னால் வைத்தாகிவிட்டது. தன் குரலை நிறுத்தி, மற்றவர் குரலைக் கேட்க வைத்தார்.

‘ரோன்ரோகோ’ என்றால் என்ன?

ஆண்டீஸ் மலைப் பகுதியில் ‘சரங்கோ’ என்ற சின்னத் தந்தி வாத்தியம் உண்டு. பார்க்கக் குட்டி கிட்டார் மாதிரி இருக்கும். பத்துத் தந்திகள், இரண்டிரண்டாக ஐந்து ஜோடி. பழைய சரங்கோக்களின் முதுகுப் பக்கம் ஆர்மடில்லோ என்ற விலங்கின் ஓட்டால் செய்யப்பட்டிருக்கும். இந்தச் சரங்கோவின் பெரிய அண்ணன்தான் ரோன்ரோகோ. அளவில் பெரிது, குரலும் தடிமன்.

மற்றவர்களுக்காக ஸ்டுடியோவில் மண்டையை உடைத்துக்கொண்டிருந்த ஆண்டுகளில், வீட்டில் தனக்காக மட்டும் ரோன்ரோகோ, சரங்கோ வாசித்துப் பதிவு செய்து வைத்துக்கொண்டே வந்தார் சாந்தாவோலாயா. வெளியிடும் திட்டம் எதுவும் இல்லை. அந்த டேப்புகள் சரங்கோ மேதை ஹைமே தோரெஸ் கைக்குப் போயின. 1964-ல் பதிவான புகழ்பெற்ற ‘மிசா கிரியோல்லா’ இசையில் சரங்கோ வாசித்தவர் அவர். கேட்டுவிட்டு, இதை வெளியிட்டே ஆக வேண்டும் என்று தூண்டியது அவர்தான்.

1998-ல் ‘ரோன்ரோகோ’ என்ற பெயரிலேயே ஆல்பம் வந்தது. அதில் வார்த்தைகளால் ஆன பாட்டு இல்லை. ஒரு ராக் பாடகர் தன் வாழ்க்கையின் மிக முக்கியமான தனி ஆல்பத்தை வாயைத் திறக்காமல் செய்திருக்கிறார் என்பதைக் கவனிக்க வேண்டும். இரண்டாவது படியும் பின்னால் வைத்தாகிவிட்டது.

விற்பனையில் அது சூப்பர் ஹிட் ஆல்பம் எல்லாம் இல்லை. ஆனால், சரியான காதுகளில் விழுந்தது. இயக்குநர் மைக்கேல் மான் அதிலிருந்து ‘இகுவாசு’ என்ற இசையை எடுத்து, 1999-ல் வெளியான ‘தி இன்சைடர்’ படத்தில் பயன்படுத்தினார். அமெரிக்கப் புகையிலை நிறுவனம் ஒன்றின் ரகசியங்களை வெளியே சொன்னவரைப் பற்றிய படம் அது. ஆண்டீஸ் மலைக்கும் அந்தக் கதைக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனாலும் பொருந்தியது. காரணம், அந்த இசை மலையை வர்ணிக்கவில்லை. தனியாக நிற்கும் மனிதனின் மூச்சு அதில் இருந்தது.

சினிமா கதவு எப்படித் திறந்தது?

மெக்சிகோ இயக்குநர் அலெஹாந்த்ரோ கோன்சாலெஸ் இன்யாரித்து, சினிமாவுக்கு வரும் முன் வானொலியில் ராக் இசை நிகழ்ச்சி நடத்தியவர். அவருடைய முதல் படம் ‘அமோரெஸ் பெர்ரோஸ்’ 2000-ல் வந்தது. இசை சாந்தாவோலாயா. அடுத்து ‘21 கிராம்ஸ்’. அதன் பிறகு 2004-ல், இளம் சே குவேரா தென் அமெரிக்கா முழுக்க மேற்கொண்ட பயணத்தைச் சொன்ன ‘தி மோட்டார்சைக்கிள் டைரீஸ்’. வால்டர் சாலெஸ் இயக்கிய அந்தப் படத்தின் இசைக்கு பிரிட்டனின் பாஃப்டா விருது கிடைத்தது. உசுவாயாவிலிருந்து லா கியாகா வரை நாட்டையே கருவிகளோடு சுற்றியவருக்கு, அந்தப் பயணப் படம் அந்நியமாக இருந்திருக்காது.

அப்புறம் ‘புரோக்பேக் மவுண்டன்’. அமெரிக்காவின் வயோமிங் மலையில் ஆடு மேய்க்கப் போகும் இரண்டு ஆண்களுக்கு இடையே மலரும் காதல், இருபது ஆண்டுகள் வெளியே சொல்ல முடியாமல் அழுகிப்போவதுதான் கதை. வழக்கமாகப் படம் எடுத்து முடித்த பிறகுதான் பின்னணி இசையமைப்பாளர் வேலையை ஆரம்பிப்பார். இங்கே படப்பிடிப்புக்கு முன்பே, கதையை மட்டும் வைத்துக்கொண்டு பெரும்பகுதி இசையை முடித்துக் கொடுத்துவிட்டார் சாந்தாவோலாயா.

அந்த இசையில் கிட்டார் ஒரு ஸ்வரம் எடுக்கும். நிறுத்தும். அடுத்த ஸ்வரம் வருமா வராதா என்று கேட்பவரின் காது காத்திருக்கும். கொஞ்ச நேரம் கழித்து வரும். படத்தின் இரண்டு மனிதர்களும் அப்படித்தான் பேசிக்கொள்கிறார்கள். ஒரு வார்த்தை சொல்வார்கள், மீதியை விழுங்கிவிடுவார்கள். அங்கே ஐம்பது வயலின்கள் சேர்ந்து அழுதிருந்தால், கதாபாத்திரங்கள் மறைத்து வைத்ததை இசை போட்டுக்கொடுத்ததாக ஆகியிருக்கும்.

அடுத்தது ‘பேபல்’. மொராக்கோ, மெக்சிகோ, அமெரிக்கா, ஜப்பான் என்று சிதறிக் கிடக்கும் கதை. ஒவ்வொரு நாட்டுக்கும் அதனதன் வாத்தியத்தைப் போட்டு அலங்கரிப்பது சுலபமான வழி. சாந்தாவோலாயா ‘ஊத்’ என்ற அரபு வாத்தியத்தைக் கையில் எடுத்தார். கிட்டாரின் மூதாதையர் வரிசையில் சொல்லப்படும் வாத்தியம் அது. அதற்குள் அரபு நாடும் இருக்கிறது, ஸ்பெயின் வழியாக மெக்சிகோவும் இருக்கிறது. விரலால் மீட்டும் விதத்தில் ஜப்பானின் ‘கோத்தோ’வையும் நினைவுபடுத்தும். அவர் ஊத் வித்வான் கிடையாது. முழுதாகக் கற்றுத் தேராத வாத்தியத்தை எடுத்து, தடுமாறித் தடுமாறி அதன் குரலைக் கண்டுபிடிப்பதுதான் அவருக்குப் பிடித்த வேலைமுறை.

‘இதுக்கா ரெண்டு ஆஸ்கர்?’ - கேள்வி நியாயமானதா?

2006-ல் அவரோடு போட்டியில் இருந்தவர் சாதாரண ஆள் இல்லை. ‘மியூனிக்’, ‘மெமாய்ர்ஸ் ஆஃப் எ கெய்ஷா’ என இரண்டு படங்களுக்காக ஜான் வில்லியம்ஸ் பரிந்துரையில் இருந்தார். 2007-ல் ஃபிலிப் கிளாஸ், தாமஸ் நியூமன், அலெக்ஸாண்டர் டெஸ்பிளா எல்லாம் வரிசையில் இருந்தார்கள். ஆர்கெஸ்ட்ராவின் ஒவ்வொரு வாத்தியத்துக்கும் தனித்தனியாக எழுதத் தெரிந்தவர்கள். அவர்களைத் தாண்டி, நோட்ஸ் படிக்காத ஒருவர் இரண்டு முறை ஜெயித்தால் திரையிசை ரசிகர்கள் கொதிக்கத்தான் செய்வார்கள். ‘பேபல்’ படத்தில் ஏற்கெனவே வெளியான ‘இகுவாசு’ மறுபடி ஒலிக்கிறது. படம் முடியும் தருணத்தில் கேட்கும் இசையோ ஜப்பான் இசையமைப்பாளர் ரியூச்சி சகாமோட்டோவுடையது. ‘அப்புறம் இவருக்கு எதற்கு விருது?’ என்ற கேள்வியில் கொஞ்சம் நியாயமும் உண்டு.

ஆர்கெஸ்ட்ரா எழுதும் திறமையில் யார் பெரியவர் என்ற போட்டியாக இருந்தால், சாந்தாவோலாயா முதல் சுற்றிலேயே வெளியே போயிருப்பார். இதில் வாதமே இல்லை. ஆனால், பின்னணி இசையின் வேலை இசையமைப்பாளரின் கெட்டிக்காரத்தனத்தைக் காட்டுவதா, படத்துக்குத் தேவையானதைச் செய்வதா? இரண்டாவதுதான் என்றால், ‘புரோக்பேக்’ இசையை அந்தப் படத்திலிருந்து பிரிக்க முடியுமா என்று கேட்டுப் பார்க்கலாம். ‘பேபல்’ விஷயத்தில் வேண்டுமானால் விவாதம் தொடரட்டும். ‘புரோக்பேக்’ விருதில் சந்தேகப்பட எதுவும் இல்லை.

குறைவாக வாசிப்பது குறைவான உழைப்பு என்று நினைப்பதுதான் இந்த விவாதத்தின் அடிப்படைக் கோளாறு. சமையலில் மசாலாவைக் கொட்டி எதையும் ஒப்பேற்றிவிடலாம். வெறும் ரசத்தில் ஒரு கல் உப்பு கூடினாலும் தெரிந்துவிடும். நூறு வாத்தியம் ஒலிக்கும்போது ஒன்று தப்பினால் யாருக்கும் தெரியாது. ஒரே கிட்டார் ஒலிக்கும்போது விரல் தந்தியில் உரசும் சத்தம்கூடக் கேட்கும். அந்த உரசலையும் இசையாக ஏற்றுக்கொள்ளும் துணிச்சல், பத்துப் பதினைந்து ஆண்டுகள் மற்றவர் பாட்டிலிருந்து வேண்டாததைப் பொறுக்கி எறிந்து பழகியவருக்குத்தான் வரும்.

மும்பைக்கு வந்த ஓசை

கிரண் ராவ் இயக்கிய முதல் படம் ‘தோபி காட்’. 2011 ஜனவரியில் இந்தியாவில் வெளியானது. சலவைத் தொழிலாளி, ஓவியர், அமெரிக்காவிலிருந்து வந்த பெண், வீடியோ கேசட்டுகளில் மட்டும் வாழும் இன்னொரு பெண் என்று நான்கு பேரின் மும்பை. பாட்டு இல்லை, டான்ஸ் இல்லை. இந்தி சினிமாவுக்கு அது பெரிய துணிச்சல். அந்தப் படத்துக்கு இசையமைக்க அர்ஜென்டினாக்காரரைத் தேடிப் போனதற்கான காரணம் படத்தைப் பார்த்தாலே புரியும். ஒரே ஊரில் இருந்தும் ஒருவரை ஒருவர் தொட முடியாத மனிதர்கள் அதில் இருக்கிறார்கள். அப்படிப்பட்டவர்களுக்குத்தான் சாந்தாவோலாயா அதுவரை வாசித்துவந்தார்.

வீடியோ கேமில் என்ன வேலை?

2013-ல் ‘தி லாஸ்ட் ஆஃப் அஸ்’ முதலில் வீடியோ கேமாகத்தான் வந்தது. உலகமே அழிந்த பிறகு, மகளை இழந்த ஒருவரும் ஒரு சிறுமியும் அமெரிக்காவைக் கடந்து நடக்கும் கதை. ஜாம்பி மாதிரி உயிரினங்கள் துரத்தும் கேம் என்றால் அதிரடி இசைதான் எல்லோரும் எதிர்பார்ப்பது. அவர் ரோன்ரோகோவையும், சுருதி இறக்கிய கிட்டாரையும் கொண்டுவந்தார். 2020-ல் வந்த இரண்டாம் பாகத்தில் பான்ஜோவும் சேர்ந்துகொண்டது. 2023-ல் வெப் சீரிஸ் ஆனபோதும் அந்த இசையை மாற்றவில்லை. ஆர்கோ ஐரிஸ் என்ற பெயரையே கேள்விப்படாத ஒரு தலைமுறை, இன்று அதை கிட்டாரில் வாசித்து வீடியோ போட்டுக்கொண்டிருக்கிறது.

எல்லாமே சரியா? குறையே இல்லையா?

உண்டு. முதலாவது, அவருடைய இசை சில நொடிகளிலேயே அடையாளம் தெரிந்துவிடும். அது பலம். ஆனால், ஒரு படத்தின் சோகம் இன்னொரு படத்தின் சோகம் மாதிரியே கேட்கிறது என்ற புகாருக்கும் அதுவே காரணம். சரங்கோ, மௌனம், எதிரொலி என்ற கலவையைப் பிறகு விளம்பரங்களும் ஆவணப்படங்களும் போட்டுத் தேய்த்துவிட்டன. அவர் தொடங்கி வைத்தது இன்று ஒரு ஃபார்முலா ஆகிவிட்டது.

இரண்டாவது இன்னும் கனமானது. 2020-ல் லத்தீன் ராக் வரலாற்றைச் சொல்லும் ‘ரொம்பான் தோதோ’ என்ற ஆறு பகுதி ஆவணத் தொடர் நெட்ஃபிளிக்ஸில் வந்தது. அதன் பின்னணியில் இருந்தவர்களில் சாந்தாவோலாயா முக்கியமானவர். அவர் தயாரித்த குழுக்களுக்கு அதில் கிடைத்த இடம் மற்றவர்களுக்குக் கிடைக்கவில்லை, பெண் கலைஞர்களுக்குப் போதிய இடம் இல்லை என்று லத்தீன் அமெரிக்கா முழுக்க விமர்சனம் எழுந்தது. இதை ஒதுக்கிவிட முடியாது. பின்னால் நகர்ந்து மற்றவர்களுக்கு இடம் கொடுத்ததுதான் அவருடைய பெருமை. வரலாற்றைச் சொல்லும்போது அந்தப் பழக்கம் சற்றுத் தவறிவிட்டது.

ஆனால், அதே மனிதர்தான் பழைய டாங்கோ கலைஞர்களைத் தேடிப் பிடித்து ‘கஃபே தெ லோஸ் மேஸ்த்ரோஸ்’ என்ற ஆல்பத்தில் ஒன்று சேர்த்தார். மறக்கப்பட்டுக்கொண்டிருந்த முதியவர்கள், பியூனஸ் அயர்ஸின் புகழ்பெற்ற தியேத்ரோ கோலோன் அரங்க மேடையில் மறுபடி ஏறினார்கள். இன்னொரு பக்கம் ‘பாஹோஃபோன்தோ’ குழுவில் அதே டாங்கோவை எலெக்ட்ரானிக் இசையோடு கலந்து இளைஞர்களை ஆட வைத்தார்.

கடைசியில் இந்தக் கதை சொல்வது என்ன?

ராக் பாடகர், தனிப்பாடகர், தயாரிப்பாளர், திரையிசையமைப்பாளர் என்று தனித்தனியாக அடுக்கினால், நிறைய வேலை மாற்றியவர் மாதிரி தெரியும். உண்மையில் அவர் ஒரே திசையில்தான் நடந்தார். முதலில் குரல் பின்னால் போனது. அப்புறம் வார்த்தை போனது. கடைசியில் ஸ்வரங்களும் குறைந்தன. ஒவ்வொன்றாக விட்ட பிறகு மிச்சம் இருந்தது, பதின்பருவத்தில் அவர் தேடிய அந்த ஊர்ச் சத்தம். அந்தச் சத்தத்தோடுதான் வயோமிங்குக்கும் மொராக்கோவுக்கும் மும்பைக்கும் அவரால் போக முடிந்தது.

2024-ல் ஹுவான் ருல்ஃபோவின் நாவலைத் தழுவி ‘பெத்ரோ பாராமோ’ படம் வந்தது. இயக்கியவர் ரோட்ரிகோ பிரியேத்தோ. ‘அமோரெஸ் பெர்ரோஸ்’, ‘புரோக்பேக் மவுண்டன்’, ‘பேபல்’ படங்களின் ஒளிப்பதிவாளர். முதல்முறையாக இயக்குநர் நாற்காலியில் உட்கார்ந்தபோது, அவர் இசைக்குக் கூப்பிட்டதும் சாந்தாவோலாயாவைத்தான். இறந்தவர்கள் முணுமுணுத்துக்கொண்டே இருக்கும் கிராமம்தான் அந்தக் கதையின் களம். அந்த முணுமுணுப்பை அமுக்கிவிடாமல் வாசிக்க, எப்போது நிறுத்த வேண்டும் என்று தெரிந்த கை வேண்டும்.

இன்று யார் வேண்டுமானாலும் ஒரு லேப்டாப்பில் நூறு வாத்தியங்களை அடுக்கிவிட முடியும். எதைச் சேர்ப்பது என்பது பெரிய கேள்வியே இல்லை. எதை எடுத்துவிடுவது என்று முடிவு செய்ய எந்தச் சாஃப்ட்வேரும் கற்றுத்தருவதில்லை. அடுத்த முறை ‘நாலு தந்தியைத் தட்டினதுக்கா ஆஸ்கர்?’ என்று யாராவது கேட்டால், மீதித் தந்திகளைத் தட்டாமல் இருந்ததற்கும் சேர்த்துத்தான் என்று சொல்லலாம்.